பதினாறு கழியட்டும்

‘கூட்டாகவும் தனித்தனியாகவும்’ என்று நோட்டீசில் போட்டிருந்தது. அது தபாலில் வந்து இருபத்திரண்டு நாளாகிறது. தங்கப்பழத்துக்கு இன்னும் அந்த இரண்டு வார்த்தையைத் தாண்டி அடுத்த வரிக்கு இறங்க முடியவில்லை. கூட்டாக என்றால் கூட்டாக, தனியாக என்றால் தனியாக, இரண்டும் ஒரே ஆள் தலையில் ஒரே நேரத்தில் எப்படி உட்காரும் என்று வக்கீல் குமாஸ்தாவிடம் கேட்டார். அந்த ஆள் பேனா மூடியால் காதைக் குடைந்துகொண்டே, ஏழு பேரும் சேர்ந்து கட்டலாம், கட்டாவிட்டால் ஏழு பேரில் யாரிடம் இருக்கிறதோ அவரிடமே மொத்தத்தையும் பிடுங்கலாம், இதில் என்ன பெரிய வேதாந்தம் அண்ணாச்சி என்று முடித்துவிட்டான். அவனுக்கு வேதாந்தமாக இல்லாமல் இருக்கலாம். ஐம்பத்தொன்பது வயதில், துணைப் பதிவாளர் அலுவலக வராந்தாவில், ஒரு கால் குட்டையான பெஞ்சில், எந்தப் பக்கம் சாய்ந்தாலும் டக்கென்று தட்டும் பெஞ்சில், மடியில் மஞ்சள் பையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவருக்கு அது வேதாந்தம்தான். பத்தரைக்கு வரச் சொல்லியிருந்தார்கள். இப்போது பதினொன்றே கால். உள்ளே யாரோ தும்மினார்கள், யாரோ நாற்காலியை இழுத்தார்கள், ‘தங்கப்பழம்’ என்று மட்டும் யாரும் கூப்பிடவில்லை. கூப்பிட்டால் எழுந்து போக வேண்டும், போனால் கேட்பார்கள், கேட்டால் சொல்ல வேண்டும். சொல்ல வேண்டியது பைக்குள் இருந்தது, ஒரே ஒரு தாள். டைப் அடித்து, அடியில் அவர் பெயரும் போட்டு, கையெழுத்துக்கு மட்டும் இடம் விட்டிருந்தது.

வெள்ளையன்விளை உப்பு உற்பத்தியாளர் கூட்டுறவு சங்கத்தின் பன்னிரண்டு அம்பாரம் உப்பு போன ஐப்பசிக்கு முன்னாலேயே மழையில் கரைந்து கழிமுகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. மழைக்கு யார் நோட்டீஸ் கொடுப்பது? அதனால் அம்பாரத்தை நேரத்துக்கு ஓலை போட்டு மூடாத நிர்வாகக் குழுவுக்குக் கொடுத்திருந்தார்கள். சங்கத்துக்கு வந்த நட்டத்தைக் குழுவிலிருப்பவர்களிடமே வசூலிப்பதற்குத் தண்டத் தீர்வை என்று பெயராம். பத்தொன்பது லட்சத்துச் சொச்சம். ஏழாக வகுத்தால் ஆளுக்கு இரண்டே முக்கால் லட்சம், அதைத் தங்கப்பழம் நோட்டீஸ் வந்த அன்றே வகுத்துவிட்டார், பிறகு அந்தப் பக்கமே போகவில்லை. வகுத்துப் பார்த்தால் மட்டும் குறைந்துவிடுமா? பைக்குள்ளிருந்த தாள் சொன்னது இதுதான்: அக்டோபர் ஒன்றாம் தேதி நடந்த கூட்டத்தில்தான் அம்பாரம் மூடும் வேலையைத் தள்ளி வைத்தார்கள், அந்தக் கூட்டத்தில் நான் இல்லை, செப்டம்பர் இருபத்தேழாம் தேதி என் தகப்பனார் காலமாகி அன்று எனக்கு ஐந்தாம் நாள், ஆகையால் எனக்கும் இந்த நட்டத்துக்கும் சம்பந்தமில்லை. அத்தனையும் சத்தியம். சம்பந்தமில்லை என்கிற அந்தக் கடைசி வார்த்தையைத் தவிர. இல்லை, அதுவும் சட்டப்படி சத்தியம்தான் என்று குமாஸ்தா சொன்னான். சட்டப்படி என்று ஒரு சத்தியமும் மற்றபடி ஒரு சத்தியமும் இருந்தால் ஒரு மனுஷன் எதில் காலை ஊன்றுவது? பெஞ்சு டக்கென்று தட்டியது. அவர் காலை மாற்றிப் போட்டார்.

இதில் இடிக்கிற விஷயம் ஒன்று இருந்தது. கூட்டத்தில் இல்லாத தங்கப்பழத்தின் கையெழுத்து கூட்டப் புத்தகத்தில் இருந்தது, ஏழாவது வரியில், நல்ல நீல மையில். சங்கத்தில் ஒரு பழக்கம், யார் ஆரம்பித்ததென்று யாருக்கும் தெரியாது. பக்கம் குறையாக இருக்கக் கூடாது. ஏழு பேர் என்றால் ஏழு கையெழுத்து. வராதவருக்கு வீடு தேடிப் போய்ப் புத்தகத்தை நீட்டி வாங்கிக்கொள்வார்கள், கல்யாண மொய் எழுதாதவரை விட்டுவிடாத மாதிரி. எட்டாம் நாள் சங்கச் செயலாளர் இசக்கிமுத்து சைக்கிளில் புத்தகத்தைக் கட்டிக்கொண்டு வந்தான். துக்க வீட்டில் வெறும் கையோடு நுழையக் கூடாதென்று ஒரு சீப்பு வாழைப்பழமும் கொண்டு வந்திருந்தான். மொட்டைத் தலையோடு நாற்காலியில் இருந்தவர் முன்னால் புத்தகத்தைப் பிரித்து, “இந்த எடத்துல மட்டும் அண்ணாச்சி,” என்றான். அவர் வாசிக்கக்கூட இல்லை. எதற்கு வாசிக்க வேண்டும், இருபத்தாறு வருஷமாக வாசித்தா போட்டார்? ஆக, பைக்குள்ளிருக்கிற தாளைக் கொடுத்தால் அடுத்த கேள்வி, அப்படியென்றால் இந்தக் கையெழுத்து எப்படி வந்தது, யார் வாங்கினது. இசக்கிமுத்து. பொய்ப் பதிவு. வேலை போகும். அவனுக்கு இரண்டு பெண் குழந்தைகள், பெரியதற்கு மாறுகண்ணுக்கு ஆபரேஷன் பண்ண வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தான். செய்துவிட்டானா? கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும். காலையில் ஜெயக்கனி இட்லியை வைத்துவிட்டு எதிரில் நின்றுகொண்டு, “இருந்தா இருந்தேன்னு சொல்லுங்க, இல்லன்னா இல்லன்னு சொல்லுங்க. நீங்க இல்லதான? பொறவு என்னத்தப் போட்டு ஒழப்பிக்கிட்டுக் கெடக்கிய?” என்றாள். அவளுக்கு எல்லாம் நேராக இருக்கும். முப்பத்து மூன்று வருஷமாக அவள் நேராகவும் இவர் கோணலாகவும் ஒரே வீட்டில் காலம் தள்ளியாகிவிட்டது. அவளுக்குப் போன் விஷயம் தெரியாது. போன் விஷயத்தை இப்போது நினைக்க வேண்டாம். நினைக்க வேண்டாம் என்று அவர் வராந்தாச் சுவரில் ஒட்டியிருந்த சிக்கன வார விழாச் சுவரொட்டியை வாசிக்க ஆரம்பித்தார், பழையது, மூன்று வருஷத்துக்கு முந்தினது, ஒரு மூலை கிழிந்து மின்விசிறிக் காற்றில் எழுந்து எழுந்து படுத்தது.

லூர்தம்மாள் படியேறி வந்தாள். குழுவில் பெண்களுக்கான இடத்தில் வந்தவள், இப்போதும் பாத்தியில் உப்பு வாருகிறவள், உள்ளங்காலெல்லாம் வெடிப்பு. செருப்பை வராந்தாவுக்கு வெளியிலேயே கழற்றிப் போட்டுவிட்டு, “என்ன அண்ணாச்சி, இன்னும் கூப்பிடலையா?” என்றாள்.

“இல்லம்மா. பத்தரைன்னான்.”

“எனக்குப் பன்னெண்டுன்னு போட்டிருக்கு. அப்பம் மூணு மணின்னு வச்சுக்கிடுங்க.” பெஞ்சின் அந்த முனையில் உட்கார்ந்தாள், பெஞ்சு அவள் பக்கம் சாய்ந்து நின்றது. முந்தானையால் கழுத்தைத் துடைத்தாள். “காலம்பற சாப்பிட்டியளா?”

“ஆச்சு. நீ?”

“நீத்தண்ணி குடிச்சிட்டு வந்தேன். அது போதும். உள்ள அந்த அம்மா எப்படி, ஏசுவாவளா?”

“தெரியலியே. தும்முதா, அதான் கேக்கு.”

லூர்தம்மாள் சிரித்தாள். இந்த நிலைமையிலும் சிரிக்க முடிகிற ஆட்களைப் பார்த்தால் அவருக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருக்கும். இவள் எதை விற்றுக் கட்டுவாள்? புருஷன் பேரில் ஒன்றரை சென்ட், ஆஸ்பெஸ்டாஸ் கூரை. அதைத்தான் முடக்குவார்கள். இவள் கூட்டத்துக்கு வந்தால் வாயே திறக்க மாட்டாள், காப்பியைக்கூடச் சேலை மறைவில் குடிப்பாள், எல்லாரும் கை தூக்கினால் தூக்குவாள். கை தூக்கினதற்கு இரண்டே முக்கால். ஒருவேளை, அன்றைக்கு இவள் ஒருத்தி, மழை வருமே, மூடிடலாமே என்று சொல்ல வாயெடுத்திருப்பாளோ? சொல்லியிருக்கலாம். உப்பு வாருகிறவளுக்குத் தெரியாதா? சொல்லியிருந்தாலும் புத்தகத்தில் ஏறியிருக்காது, ‘ஏகமனதாக’ என்றுதான் ஏறியிருக்கும். அவர் அவளைக் கேட்க நினைத்தார். கேட்டால் சொல்லிவிடுவாளோ என்று விட்டுவிட்டார்.

ஏன் தள்ளி வைத்தார்கள்? தங்கப்பழத்துக்காகத்தான் தள்ளி வைத்தார்கள், இதில் மூடி மறைக்க ஒன்றுமில்லை, ஊருக்கே தெரிந்தது. அம்பாரம் மூடுவது அவர் பொறுப்பு. யாரும் எழுதிக் கொடுத்த பொறுப்பில்லை, தானாக அவர் தோளில் ஏறி உட்கார்ந்த பொறுப்பு, இறக்கி வைக்க அவருக்கும் மனசில்லை. வருஷா வருஷம் புரட்டாசி முடிவில் ஓலை வந்து இறங்கும். கரை மேல் வரிசையாகக் குவித்திருக்கிற உப்பின் மேல் கீழேயிருந்து ஆரம்பித்து மேலே ஏற வேண்டும், ஒரு வரிசை ஓலையின் பாதியை அடுத்த வரிசை விழுங்க வேண்டும், முகட்டில் மடித்து இரண்டு பக்கமும் இழுத்துக் கட்ட வேண்டும். விரல் நுழைகிற ஓட்டை ஒன்று விட்டால் போதும், தண்ணீர் உள்ளே இறங்கி அம்பாரத்தின் வயிற்றில் கிணறு வெட்டிவிடும், வெளியே பார்த்தால் தெரியாது, தை மாதம் ஓலையைப் பிரிக்கும்போதுதான் தெரியும். இதெல்லாம் பெரிய வித்தையில்லை. கவனம் வேண்டும், ஆட்களை விரட்ட வேண்டும், அவ்வளவுதான். ஆனால் தங்கப்பழம் இல்லாமல் ஓலை போட்டால் ஒழுகும் என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. அந்தப் பேச்சைக் கிளப்பினவரில் தங்கப்பழமும் ஒருவர். ஒரு வருஷம் அவருக்கு மஞ்சள்காமாலை. சங்கத் தலைவர் ஞானதிரவியம் முன்னால் நின்று மூடினார், இரண்டு அம்பாரம் மேற்குப் பக்கம் சரிந்துவிட்டது. காமாலைப் படுக்கையில் அந்தச் செய்தியைக் கேட்டபோது தங்கப்பழத்துக்கு வந்தது வருத்தமா? வருத்தமில்லை. வாயெல்லாம் கசந்து கிடந்த நேரத்தில் நாக்கில் கொஞ்சம் சர்க்கரை வைத்த மாதிரி இருந்தது. அதற்குப் பிறகு மூன்று வருஷம் அதைச் சொல்லிச் சொல்லிக் காட்டினார், கேலியாகத்தான், ஞானதிரவியமும் சிரித்தார். கேலியாகச் சொன்னாலும் சொன்னதுதானே. அதனால்தான் அக்டோபர் ஒன்றாம் தேதி ஞானதிரவியம், தங்கப்பழம் வரட்டும், அவருடைய துக்கம் முடியட்டும், நாம் கை வைத்து மறுபடியும் பேச்சு வாங்க வேண்டாம் என்று சொல்லியிருப்பார். சொல்லியிருப்பாரா? சொல்லித்தான் இருப்பார். மற்ற ஐந்து பேரும் தலையாட்டியிருப்பார்கள். இவர் வீட்டில் அந்த நேரம் யாரோ ஒரு மாமா, எள்ளை எந்தக் கையால் எடுக்க வேண்டும் என்று இவருக்குப் பாடம் நடத்திக்கொண்டிருந்தார்.

அதுவும் ஒரு கொடுமை. அப்பா எண்பத்து நாலு வயது இருந்து செத்தார், மூத்த மகன் இவர், அழ வேண்டிய இடத்தில் அழுகை வரவில்லை. அப்பாவும் இவரும் ஒரே தெருவில் இருந்துகொண்டு பதினோரு வருஷமாகப் பேசிக்கொண்டதெல்லாம் ‘மாத்திரை வாங்கிட்டியா’, ‘வாங்கியாச்சு’. அழுகை வராத மகனை எல்லாரும் கவனித்தார்கள், அல்லது கவனித்ததாக அவருக்குத் தோன்றியது. அதனால் சொன்னதையெல்லாம் செய்தார், உட்காரச் சொன்னால் உட்கார்ந்தார், எழச் சொன்னால் எழுந்தார், தலையைக் காட்டச் சொன்னால் காட்டினார். பதினைந்து நாள் அந்த வீட்டில் ஒன்றும் தெரியாதவர் அவர் ஒருவர்தான். சின்னப் பயல்கள்கூட, அப்படியில்லை மாமா, இலையின் நுனி அந்தப் பக்கம் என்று திருத்தினார்கள். ஒன்றும் தெரியாதவனாக ஒரு மனுஷன் எத்தனை நாள் இருக்க முடியும்? இரண்டு நாள் இருக்கலாம், மூன்று நாள் இருக்கலாம். பன்னிரண்டாம் நாள் போன் வந்தது. வேண்டாம். அந்தச் சுவரொட்டியில் ஓர் உண்டியலும் ஒரு தேனீயும் போட்டிருந்தார்கள். தேனீக்கு எத்தனை கால்? ஆறு. இதில் எட்டு போட்டிருக்கிறான். எட்டு கால் போட்டுத் தேனீ என்றால் யார் கேட்பது? ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணினார். எண்ணி முடித்த இடத்தில் போன் அப்படியே இருந்தது, மணியடித்துக்கொண்டு.

சரி, நினைத்துத்தான் தொலைக்க வேண்டும் என்றால் நினைத்துவிடலாம். அக்டோபர் எட்டாம் தேதி, முன்மதியம். பின்கட்டில் வாழை மூட்டுக்குப் பக்கத்தில் நின்றுதான் பேசினார். இசக்கிமுத்து சொன்னது ஒரு வார்த்தை பிசகாமல் காதிலிருக்கிறது. “அண்ணாச்சி, ஓலை வந்து எறங்கிட்டு. ஆளும் இருக்கு. நாங்க ஆரம்பிச்சிரட்டுமான்னு தலைவர் கேக்கச் சொன்னாவ.” இவர் அண்ணாந்து பார்த்தார். கிழக்கே கொஞ்சம் கறுப்பு. காற்று தெற்கே இருந்துதான் வந்தது. “காத்து இன்னும் திரும்பலையே வே.” “டி.வி.ல மழைங்கான் அண்ணாச்சி.” “டி.வி.க்காரன் உப்பளத்துல நின்னு பாத்தானா? இன்னும் நாலு நாளுதான. பதினாறு கழியட்டும், நான் வந்துருதேன்.” அந்தப் பக்கம் ஓலையை இழுத்துப் போடுகிற சரசரப்பு மட்டும் கேட்டது. பிறகு அவன், “சரி அண்ணாச்சி,” என்றான். அவ்வளவுதான். கோபமாகச் சொல்லவில்லை, தயங்கித்தான் சொன்னான், அந்தத் தயக்கத்தை இவர் கேட்டார், கேட்டது நிச்சயம், கேட்டும் போனை மடக்கி மடியில் வைத்துக்கொண்டு உள்ளே போனார், போகும்போது, இதுதான் இவ்வளவு நாளாக யாருக்கும் சொல்லாதது, நெஞ்சு கொஞ்சம் நிமிர்ந்திருந்தது. ஆட்களும் ஓலையும் தலைவரும் செயலாளரும் அங்கே கைகட்டி நிற்கிறார்கள், இவர் ஒரு வார்த்தை சொன்னால் நடக்கும், சொல்லாவிட்டால் நடக்காது. அந்த வீட்டில் பன்னிரண்டு நாளில் முதல்முறையாக அவருக்கு ஏதோ தெரிந்திருந்தது. பத்தாம் தேதி காலையில் காற்று திரும்பியது. மழை மூன்று நாள் விடவில்லை. பதினாறாம் நாள் படையலுக்கு வாங்கின காய்கறிகூட வீட்டுக்கு வந்து சேரவில்லை, கொட்டுகிற மழையில் கோணிச் சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு கரைக்கு ஓடினார். முகட்டுயரம் இருந்த அம்பாரம் முழங்காலுயரம் கிடந்தது. ஓலைக் கட்டு பிரிக்காமல் பக்கத்தில் அடுக்கியபடியே நனைந்துகொண்டிருந்தது. யாரும் இவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஞானதிரவியம், “தலை நனையுதே, உள்ள வாங்க,” என்றார். அங்கேதான் அழுகை வந்தது, அதை அப்பாவுக்கான அழுகை என்று எல்லாரும் எடுத்துக்கொண்டார்கள், இவரும் அப்படியே இருக்கட்டும் என்று விட்டுவிட்டார்.

ஆகவே போன் விஷயம் இசக்கிமுத்துவுக்கும் இவருக்கும் தெரியும், கேட்கச் சொன்ன ஞானதிரவியத்துக்கும் தெரிந்திருக்கும், மற்றவர்களுக்குத் தெரியாது, ஆறு மாதமாகியும் யாரும் சொல்லவில்லையே, அப்படியென்றால் இசக்கிமுத்து வேறு யாரிடமும் சொல்லவில்லை. அவன் வாயை மூடிக்கொண்டிருக்கிறான். இவர் தாளை நீட்டி அவன் வேலைக்கு உலை வைக்கப் போகிறார். நல்ல நியாயம். நீட்டாவிட்டால்? வீட்டை முடக்குவார்கள். வீடு இவர் கட்டினது, பத்திரம் அலமாரியில் இருக்கிறது, வில்லங்கமில்லாத பத்திரம், அதைப் பற்றி ஜெயக்கனிக்கு ஒரு பெருமை உண்டு. அதை அவளிடம் எந்த வாயால் சொல்வது? களைப்பாக இருந்தது. பயம் இருபத்திரண்டு நாளில் தேய்ந்து தேய்ந்து வெறும் களைப்பாக ஆகிவிட்டது, யாராவது வந்து இப்படிச் செய் என்று சொன்னால் செய்துவிட்டுப் போய்ப் படுத்துவிடலாம் போலிருந்தது. “தங்கப்பழம்,” என்று உள்ளேயிருந்து ஓர் அலுவலக அம்மாள் தலையை நீட்டினாள். அவர் எழுந்தார். பெஞ்சின் இந்த முனை தூக்க, லூர்தம்மாள் விழப் பார்த்துச் சமாளித்துக்கொண்டாள்.

துணைப் பதிவாளர் நாற்பத்தைந்து வயதுப் பெண்மணி. மூக்கு சிவந்திருந்தது, மேசையில் கைக்குட்டையும் வெந்நீர்ப் பிளாஸ்க்கும். உட்காரச் சொன்னார். அந்த நாற்காலி ஆடவில்லை என்பதே தங்கப்பழத்துக்கு ஓர் ஆச்சரியமாக இருந்தது.

“ஒண்ணாந்தேதி கூட்டத்துல இருந்தீங்களா?”

பை மடியில் இருந்தது. கை பைக்குள் போகவில்லை. “இருந்தேம்மா,” என்று சொன்னது அவர்தான். யோசித்துச் சொல்லவில்லை, யோசிக்கத் தெம்பில்லாமல் சொன்னது.

அந்த அம்மாள் நிமிர்ந்து பார்த்தார். “இருந்தீங்களா?”

“கையெழுத்து இருக்குல்லா.”

“கையெழுத்து இருக்கு. ஆனா மத்த ஆறு பேரும் நீங்க அன்னைக்கு வரலைன்னு எழுதிக் கொடுத்திருக்காங்க. செயலாளரும் எட்டாம் நாள் உங்க வீட்டுக்கு வந்து கையெழுத்து வாங்கினதா அவரே ஒத்துக்கிட்டார். அவர் மேல தனி நடவடிக்கை.” தாள்களைப் புரட்டினார். ஆறு தாள், ஆறு கையெழுத்து, ஒன்று கோணலாக, எழுத்துக்கூட்டிப் போட்டது. “நீங்க ஒருத்தர்தான் இருந்தேன்கிறீங்க. எதுக்கு?”

எதற்கென்று அவருக்குத் தெரிந்தால்தானே. ஆறு பேர். ஆறு பேரும் எப்போது எழுதினார்கள்? பிறகு எல்லாவற்றையும் சொன்னார். ஓலை வந்தது, போன் வந்தது, தான் நிறுத்தச் சொன்னது. நெஞ்சு நிமிர்ந்ததைச் சொல்லவில்லை, அதை எந்த அதிகாரியிடமும் சொல்ல முடியாது.

அந்த அம்மாள் குறுக்கே பேசாமல் கேட்டார். “நீங்க சங்கத் தலைவரா?”

“இல்லம்மா.”

“செயலாளரா?”

“இல்ல.”

“அப்போ நீங்க போன்ல ஒரு வார்த்தை சொன்னா அதை அவங்க ஏன் கேட்கணும்?”

இந்தக் கேள்வியை அவர் ஒருநாளும் கேட்டுக்கொண்டதில்லை. ஏன் கேட்டார்கள்? கேட்பார்கள், அவ்வளவுதானே, தங்கப்பழம் சொன்னால் கேட்பார்கள், துக்க வீட்டுக்காரர் சொன்னால் எவன் மாட்டேன் என்பான்?

“சட்டத்துல நீங்க சொன்னது குத்தமில்லை. அவங்க கேட்டதுதான் குத்தம்.” கைக்குட்டையை எடுத்து மூக்கைத் துடைத்துக்கொண்டார். சலிப்பாகத்தான் சொன்னார், கடுமையாக இல்லை. “இப்ப நீங்க சொன்னதை நான் எழுதிக்கிட்டா, ஓலையும் ஆளும் தயாரா இருந்தும், மழை அறிவிப்பு தெரிஞ்சும், எந்தப் பதவியும் இல்லாத ஒருத்தர் பேச்சைக் கேட்டு நிறுத்தினாங்கன்னு ஆகும். உங்களுக்கு ஒண்ணும் ஆகாது. அவங்களுக்குத்தான் இன்னும் இறுகும். எழுதட்டுமா?”

வெளியே எங்கோ ஒரு ஸ்கூட்டர் கிளம்ப மாட்டாமல் இருமிக்கொண்டிருந்தது.

“வேண்டாம்மா,” என்றார் தங்கப்பழம்.

“உங்க பேரை எடுத்தாச்சு. போயிட்டு வாங்க.”

வராந்தாவுக்கு வந்தார். தப்பித்தாகிவிட்டது. ஜெயக்கனி கேட்டால் மாதம் முழுக்க நிம்மதியாகத் தூங்குவாள். இத்தனை நாள் ஒன்று பங்கைக் கட்டுவது, இல்லாவிட்டால் இசக்கிமுத்துவைக் கழுத்தறுத்துத் தப்பிப்பது என்று இரண்டு வழிதான் அவர் கண்ணில் பட்டது, யாரோ தூக்கி வெளியே வைத்துவிட்டுக் கதவைச் சாத்திக்கொள்வார்கள் என்று நினைக்கவேயில்லை. வெளியே நிற்பது இப்படி இருக்கும் என்றும் நினைக்கவில்லை. வெட்கமாக இருந்தது, ரொம்பவும் வெட்கமாக இருந்தது. லூர்தம்மாள் பெஞ்சில் அவர் இடத்தையும் சேர்த்து நடுவில் நகர்ந்து உட்கார்ந்திருந்தாள்.

“பேரை எடுத்திட்டாவளா?”

“எடுத்திட்டா.” நின்றபடியே சொன்னார். “லூர்தம்மா, ஓலை வந்த அன்னைக்கு நிறுத்தச் சொன்னது நான்தான். இசக்கிமுத்து போன் பண்ணுனான். நான்தான் பதினாறு கழியட்டும்னேன்.”

“தெரியும் அண்ணாச்சி.”

“தெரியுமா?”

“அவன் போன் பண்ணும்போது நாங்க எல்லாரும் பக்கத்துலதான நின்னோம். ஓலையைக் கையில வச்சிக்கிட்டு.” அவள் நகர்ந்து இடம் விட்டாள். “உக்காருங்க. மொகமெல்லாம் ஒரு மாதிரி இருக்கு.”

அவர் உட்கார்ந்தார். எல்லாரும் நின்றார்கள். ஆறு மாதமாக எல்லாருக்கும் தெரியும். இவர் ஒளித்து ஒளித்து வைத்ததை ஆறு பேரும் இவருக்காக ஒளித்து வைத்திருக்கிறார்கள். “பொறவு எதுக்கும்மா நான் வரலைன்னு எழுதிக் குடுத்திய? பெரிய மனசுதான் உங்களுக்கு. நான் என்ன செஞ்சு...”

“பெரிய மனசும் இல்ல ஒண்ணும் இல்ல.” லூர்தம்மாள் வெடுக்கென்று சொன்னாள், கூட்டத்தில் ஒருநாளும் கேட்டிராத குரலில். “ஏழு பேரு சொத்தையும் முடக்கிட்டாவன்னா பொறவு எவன் எங்களுக்குக் கடன் குடுப்பான்? கட்டணும்லா? பைனான்ஸ்காரன் ஜாமீன் கேக்கான். வில்லங்கமில்லாத பத்திரம் உங்க ஒருத்தருதுதான். ஒரு பத்திரமாவது வெளியில கெடக்கணும், அதுக்கு உங்களை வெளிய எடுக்கணும்னு தலைவர்தான் சொன்னாவ. நோட்டீசு வந்த அன்னைக்கே ஆறு பேரும் பேசி முடிச்சாச்சு. இசக்கிமுத்து, என் வேலை போனாப் போவுது, மீன் கம்பெனில கேட்டு வச்சிருக்கேன்னுட்டான். உங்ககிட்ட மட்டும்தான் சொல்லல. சொன்னா, நானும் பங்கு கட்டுதேன்னு வந்து நின்னு கெடுத்திருவிய.”

தங்கப்பழம் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். மன்னிப்பென்று ஒன்று வந்திருந்தால் அதை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் திண்டாடியிருப்பார். இது அப்படியில்லை. தேவைக்கு ஆள் எடுத்திருக்கிறார்கள். இருபத்திரண்டு நாளில் முதல்முறையாக மூச்சு முழுசாக உள்ளே போய் வெளியே வந்தது.

“நல்லா யோசிச்சுச் சொல்லுங்க அண்ணாச்சி,” என்று அவள் குரலைத் தணித்துக்கொண்டாள். “ஆறு பேருக்கும் சேத்து ஜாமீன். எங்கள்ல ஒருத்தரு கட்டாம விட்டாலும் உங்க வீட்டைத்தான் எடுப்பான். என்னையவே எடுத்துக்கிடுங்க, நான் எங்கேருந்து கட்டப் போறேன்னு எனக்கே தெரியாது. வீட்டுல அக்காகிட்டயும் கேக்கணும். பைனான்ஸ்காரனுக்கு ஒண்ணும் அவசரமில்ல. அடுத்த மாசம்னாலும் சரிங்கான்.”

“லூர்தம்மாள்,” என்று உள்ளேயிருந்து கூப்பிட்டார்கள். அவள் எழுந்து சேலையைச் சரிசெய்துகொண்டாள்.

“போயிட்டு வாம்மா, நான் இங்கனதான் இருக்கேன்,” என்றார் தங்கப்பழம். “அடுத்த மாசமெல்லாம் வேண்டாம். நீ வெளிய வந்ததும் நேரா பைனான்ஸுக்குப் போயிருவோம்.”